மகாத்மாவின் படத்தைத் தேடி ஒரு லட்சம் மைல்!
உலகம் சுற்றிய தமிழர் ஏ. கே. செட்டியாரின் கதை

அட்லாண்டிக் மகா சமுத்திரம். எந்தப் பக்கம் பார்த்தாலும் தண்ணீர்.

நியூயார்க் நகரிலிருந்து அயர்லாந்து நாட்டின் டப்ளின் நகரை நோக்கி ஒரு கப்பல் போய்க் கொண்டிருந்தது. கப்பலின் பெயர் "சமாரியா". அதில் ஒரு தமிழ் வாலிபரும் இருந்தார். அவருக்கு அப்போது 26 வயது கூட நிறையவில்லை.

அன்று 1937-ம் ஆண்டு அக்டோபர் 2-ந் தேதி. காந்தியடிகளின் பிறந்த நாள். மகாத்மாவுக்கு அன்று 68 வயது நிறைந்தது.

ஊரில் இருந்தால் அன்று ராட்டை சுற்றுவார்கள். கூட்டம் போடுவார்கள். நடுக்கடலில் என்ன செய்வது? அந்த வாலிபர் காந்தியடிகளைப் பற்றியே நினைத்துக் கொண்டிருந்தார். அப்போது அவர் மனதில் ஓர் எண்ணம் உதித்தது.

காந்தியடிகளின் வாழ்க்கையை ஒரு சினிமாப் படமாக எடுக்க வேண்டும்!

வேஷம் போட்டு நடிக்கும் படம் அல்ல. அதில் காந்தியடிகளே வர வேண்டும். அவர் நடந்ததும், பேசியதும், கூட்டத்தைக் கும்பிட்டதும் அப்படியே வர வேண்டும். எந்த நாட்டில், எவர் அவரைப் படம் எடுத்திருந்தாலும் சரி. அவற்றை எல்லாம் தேடிப் பிடித்து, ஒன்றாகச் சேர்த்து, ஒரே படமாக்க வேண்டும்.

இப்படி ஒரு காரியத்தை இந்தியாவில் அதுவரை யாரும் இவ்வளவு பெரிதாகச் செய்ததில்லை. நினைத்தவரோ பணமூட்டை வைத்திருந்தவர் அல்ல. எழுதத் தெரியும், காமிரா பிடிக்கத் தெரியும். அவ்வளவுதான் கையிருப்பு.

அவர்தான் ஏ. கே. செட்டியார்.

கோட்டையூர்ப் பிள்ளை

முழுப் பெயர் அண்ணாமலை கருப்பன் செட்டியார். செட்டி நாட்டில் உள்ள கோட்டையூரில் 1911-ம் ஆண்டு நவம்பர் 4-ந் தேதி பிறந்தார். படித்தது திருவண்ணாமலையில்.

நகரத்தார் வீட்டுப் பிள்ளைகள் அந்தக் காலத்தில் என்ன செய்வார்கள்? கப்பல் ஏறி பர்மாவுக்கோ மலாயாவுக்கோ போவார்கள். அங்கே கொடுக்கல் வாங்கல் பழகுவார்கள். செட்டியாரும் கப்பல் ஏறி ரங்கூனுக்குப் போனார். ஆனால் அவர் உட்கார்ந்தது கல்லாப்பெட்டி முன்னால் அல்ல. "தனவணிகன்" என்ற தமிழ்ப் பத்திரிகையின் ஆசிரியர் நாற்காலியில்!

பிறகு போட்டோப் பிடிக்கும் கலையில் ஆசை வந்தது. ஊரிலேயே ஒரு ஸ்டூடியோவில் சேர்ந்து கற்றுக் கொண்டிருக்கலாம். அவர் அப்படிச் செய்யவில்லை. ஜப்பானுக்குப் போனார். டோக்கியோவில் படித்தார். அதுவும் போதவில்லை. அமெரிக்காவுக்குப் போய் நியூயார்க்கில் உள்ள போட்டோக் கல்லூரியிலும் படித்தார். அந்தப் படிப்பு முடிந்து திரும்பும் வழியில்தான் "சமாரியா" கப்பலில் அந்த எண்ணம் பிறந்தது.

படம் எங்கே இருக்கிறது?

காந்தியடிகள் உலகப் புகழ் பெற்றவர். அவரைப் பல பேர் படம் எடுத்திருந்தார்கள். அப்படியானால் அவற்றை வாங்கி ஒட்டுவதில் என்ன கஷ்டம்?

கஷ்டம் அங்கேதான் இருந்தது. படங்கள் ஓர் இடத்தில் இல்லை. உலகம் முழுவதும் சிதறிக் கிடந்தன.

டெலிவிஷன் வருவதற்கு முன்பு சினிமாக் கொட்டகைகளில் "செய்திப் படம்" காட்டுவார்கள். கதைப் படம் தொடங்குவதற்கு முன்னால் சில நிமிஷங்கள் ஓடும். அரசர் ஊர்வலம், கப்பல் விபத்து, குதிரைப் பந்தயம், அரசியல் தலைவர்கள் எல்லாம் அதில் வருவார்கள். இந்தப் படங்களை எடுப்பதற்கென்றே பெரிய கம்பெனிகள் இருந்தன. இங்கிலாந்தில் மட்டும் பாதே, கோமாண்ட், மூவிடோன், பாரமவுண்ட், யுனிவர்சல் என்று ஐந்து கம்பெனிகள் போட்டி போட்டன. வாரத்துக்கு இரண்டு தடவை புதிய செய்திப் படம் வெளிவரும். பழையது என்ன ஆகும்? தகர டப்பாவில் போட்டு அறைக்குள் அடுக்கி விடுவார்கள்.

1930-ம் ஆண்டு காந்தியடிகள் தண்டிக்கு நடந்தார். அதைப் படம் எடுத்தார்கள். 1931-ம் ஆண்டு வட்டமேஜை மகாநாட்டுக்கு லண்டன் போனார். அங்கே அவரை விடாமல் படம் எடுத்தார்கள். லங்காஷயர் பஞ்சாலைத் தொழிலாளர்கள் அவரைச் சூழ்ந்து நின்றார்கள். சார்லி சாப்ளின் அவரைப் பார்க்க வந்தார். எதையும் காமிராக்காரர்கள் விடவில்லை.

வெள்ளைக்காரக் கம்பெனிகளுக்கு அவர் ஒரு வேடிக்கை மனிதர். குளிர் தேசத்தில் முழங்கால் வேட்டியுடன் நடப்பவர். அதற்காகத்தான் படம் எடுத்தார்கள். இரண்டு நாள் காட்டி விட்டு மறந்து போனார்கள். அவர்கள் மறந்து போன டப்பாக்களைத்தான் செட்டியார் தேடிப் புறப்பட்டார்.

இந்தியாவில் எடுத்த படங்களின் கதி வேறு மாதிரி. தண்டி யாத்திரைப் படங்கள் பலவற்றை வெள்ளைக்கார சர்க்காரின் தணிக்கைக்காரர்கள் தடை செய்து விட்டார்கள். காட்ட முடியாத படத்தை யார் பத்திரமாக வைத்திருப்பார்கள்? வைத்திருந்தாலும், வைத்திருப்பதாக யார் தைரியமாகச் சொல்வார்கள்?

நெருப்புப் பிடிக்கும் சரக்கு

இன்னொரு பயமும் இருந்தது. அந்தக் காலத்துப் பிலிம் "நைட்ரேட்" என்ற பொருளால் ஆனது. சுலபமாகத் தீப்பிடிக்கும். பிடித்தால் அணைக்க முடியாது. தண்ணீருக்குள் போட்டாலும் எரியும்! தீப்பிடிக்காவிட்டாலும் ஆபத்துதான். வெயிலிலும் புழுக்கத்திலும் கிடந்தால் பிலிம் பிசுபிசுத்து, ஒன்றோடொன்று ஒட்டி, கடைசியில் பொடியாகி விடும்.

பிலிமில் கொஞ்சம் வெள்ளி உண்டு. பழைய பிலிமைக் கரைத்து அந்த வெள்ளியை எடுத்து விற்கும் வழக்கமும் இருந்தது. இப்படி உலகத்தில் எத்தனையோ பழைய படங்கள் சில ரூபாய் வெள்ளிக்காகக் கரைந்து போயின. ஆகவே, பத்து வருஷம் கழித்துத் தேடலாம் என்று உட்கார்ந்திருந்தால் தேடுவதற்கு ஒன்றும் மிஞ்சியிருக்காது.

நண்பர்களிடம் செட்டியார் தம் எண்ணத்தைச் சொன்னார். ஆகாத காரியம் என்றே பலர் நினைத்தார்கள். காதல் இல்லை, சண்டை இல்லை, கதாநாயகி இல்லை. இதை யார் காசு கொடுத்துப் பார்ப்பார்கள் என்பது ஒரு கேள்வி. சர்க்கார் காட்ட விடுமா என்பது அடுத்த கேள்வி. இரண்டும் நியாயமான கேள்விகள்தான். சென்னையில் "டாக்குமெண்டரி பிலிம்ஸ்" என்ற பெயரில் ஒரு கம்பெனியைத் தொடங்கி விட்டு, அவர் மூட்டையைக் கட்டினார்.

அடிக் கணக்கில் விலை

துணிக்கடையில் கஜக் கணக்கில் துணி வாங்குகிறோம். பழைய செய்திப் படத்தையும் அப்படித்தான் வாங்க வேண்டும். அடிக்கு இவ்வளவு என்று விலை!

ஒரு செய்திப் படத்தை எவர் எடுத்தாரோ, அல்லது எந்தக் கம்பெனி சம்பளம் கொடுத்து எடுக்கச் சொன்னதோ, அவர்களுக்கே அது சொந்தம். படத்தில் இருப்பவர் காந்தியடிகள்தான். ஆனாலும் படம் அவருடையது அல்ல. அதைக் கேட்காமல் எடுத்துப் போட முடியாது. சொந்தக்காரரிடம் போக வேண்டும். அவரிடம் உள்ள பட்டியலைப் புரட்ட வேண்டும். தேதி, ஊர், பெயர் எழுதியிருக்கும். அதைப் பார்த்து டப்பாவை எடுக்கச் சொல்ல வேண்டும்.

டப்பாவின் மேல் எழுதியிருப்பது ஒன்று, உள்ளே இருப்பது வேறு ஒன்று என்பது இந்தத் தொழிலில் தினசரி நடக்கும் கூத்து. ஆகவே ஓட்டிப் பார்க்காமல் வாங்கக் கூடாது. ஓட்டிப் பார்த்து, எந்த இடத்திலிருந்து எந்த இடம் வரை வேண்டும் என்று குறித்துக் கொடுக்க வேண்டும். மூலப் பிலிமைத் தர மாட்டார்கள். அதிலிருந்து ஒரு நகல் எடுத்துத் தருவார்கள். நகல் எடுக்கும் கூலி தனி. படத்தைப் பயன்படுத்தும் உரிமைக்குப் பணம் தனி. எந்தப் படத்தில் சேர்க்கலாம், எந்த எந்த நாடுகளில் காட்டலாம் என்பதற்கெல்லாம் எழுத்து மூலம் ஒப்பந்தம் வேண்டும்.

இன்றைக்கும் டெலிவிஷன் கம்பெனிகள் பழைய படம் வாங்குவது ஏறக்குறைய இதே முறையில்தான். அடிக் கணக்கு போய், நிமிஷக் கணக்கும் விநாடிக் கணக்கும் வந்திருக்கின்றன. பட்டியல் கம்ப்யூட்டரில் இருக்கிறது. ஓர் அறையில் உட்கார்ந்து கொண்டே லண்டன் படத்தைப் பார்த்து விடலாம்.

செட்டியாருக்கு அந்த வசதி கிடையாது. ஒரு டப்பாவைப் பார்க்க வேண்டுமானால் அது இருக்கும் ஊருக்குப் போக வேண்டும். போனார்! ஐரோப்பாவுக்குப் போனார். அமெரிக்காவுக்குப் போனார். இந்தியாவிலும் ஊர் ஊராக அலைந்தார். காந்தியடிகளை நேரில் அறிந்த வெளிநாட்டுப் பெரியோர்களையும் தேடிச் சென்று பார்த்தார். மகாத்மாவின் வரலாற்றை எழுதிய பிரெஞ்சு ஆசிரியர் ரோமன் ரோலந்து அவர்களில் ஒருவர்.

தென்னாப்பிரிக்காவுக்கும் போனார். காந்தி கதையை அங்கே போகாமல் சொல்ல முடியுமா? வக்கீலாகப் போன காந்தி, சத்தியாக்கிரகியாக மாறிய மண் அல்லவா அது! தில்லையாடி வள்ளியம்மை முதலிய தமிழர்கள் அவர் சொல்லைக் கேட்டுச் சிறைக்குப் போன இடமும் அதுதான். 1893-ம் ஆண்டு முதல் 1914-ம் ஆண்டு வரை, நடுவே சில காலம் நீங்கலாக, அவர் அங்கே வாழ்ந்தார். 1912-ம் ஆண்டு கோகலே அந்த நாட்டுக்கு வந்தபோது, அவரையும் காந்தியையும் சேர்த்துப் படம் பிடித்திருந்தார்கள். சினிமாவே குழந்தையாக இருந்த காலம் அது. தலைப்பாகைக் கட்டும் கோட்டும் அணிந்த அந்தக் காந்தியை இந்தியாவில் எத்தனை பேர் கண்டிருப்பார்கள்?

மொத்தம் செட்டியார் செய்த பிரயாணம் ஒரு லட்சம் மைல். பூமியின் சுற்றளவு 25 ஆயிரம் மைல். கணக்குப் பாருங்கள்: பூமியை நான்கு தடவை சுற்றி வந்ததற்குச் சமம்!

இந்த அலைச்சலில் அவர் சேர்த்த பிலிம் 50 ஆயிரம் அடி. முப்பது ஆண்டுகளில், சுமார் நூறு காமிராக்காரர்கள் எடுத்தவை. அந்த நூறு பேரில் பெரும்பாலோர் ஒருவரை ஒருவர் அறியாதவர்கள். தாங்கள் எடுத்தது ஒரு நாள் ஒன்றாகச் சேரும் என்று அவர்கள் கனவிலும் நினைத்திருக்க மாட்டார்கள்.

கத்தரிக்கோல் வேலை

50 ஆயிரம் அடிப் பிலிமை அப்படியே ஓட்டினால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும். அவ்வளவு நேரம் யாரும் உட்கார மாட்டார்கள். கழித்துக் கட்ட வேண்டும்.

கஷ்டப்பட்டுத் தேடியவனுக்குக் கழிப்பதுதான் பெரிய கஷ்டம். ஒவ்வொரு அடியும் ஒரு பிரயாணம். ஒவ்வொரு அடியும் காசு. ஆனாலும் வெட்டினார்கள். கடைசியில் நின்றது 12 ஆயிரம் அடி. அதாவது, ஏறத்தாழ இரண்டே கால் மணி நேரம். 38 ஆயிரம் அடி வெளியே போயிற்று!

படப்பிடிப்பிலும் வெட்டி ஒட்டும் வேலையிலும் அவருக்குத் துணை நின்றவர் டாக்டர் பி. வி. பதி. பாரிஸ் நகரில் இந்தக் கலையைப் பயின்று வந்தவர். அந்தக் காலத்தில் இந்தியாவில் செய்திப் படம் எடுப்பதில் பேர் போனவர்.

வேலை ஒட்டுவதோடு முடியவில்லை. பழைய மௌனப் படங்களில் விநாடிக்குப் பதினாறு, பதினெட்டுப் படங்கள்தான் இருக்கும். பேசும் படம் காட்டும் இயந்திரம் விநாடிக்கு 24 படங்களை ஓட்டும். பழையதை அதில் போட்டால் ஆட்கள் குடுகுடுவென்று ஓடுவார்கள். காந்தியடிகளோ இயற்கையிலேயே வேகமாக நடப்பவர். கேட்க வேண்டுமா! ஓர் இடத்தில் எடுத்தது வெளுத்திருக்கும். இன்னோர் இடத்தில் எடுத்தது இருண்டிருக்கும். இவற்றை எல்லாம் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் கண்ணுக்கு உறுத்தாமல் செய்வது சாமானியமான வேலை அல்ல.

படத்தில் பெரும்பகுதி வாய் பேசாதது. அதற்குத் தமிழில் விளக்கம் எழுதி, குரல் கொடுத்துச் சேர்த்தார்கள். டி. கே. பட்டம்மாள் பாடினார். வேடிக்கைக்காக வெள்ளைக்காரர் எடுத்த துண்டுகளோடு தமிழ்க் குரல் சேர்ந்தது. படம் அதே படம். ஆனால் பொருள் மாறி விட்டது!

ராக்ஸி தியேட்டர்

1940-ம் ஆண்டு ஆகஸ்டு 23-ந் தேதி. சென்னை ராக்ஸி தியேட்டரில் "மகாத்மா காந்தி" படம் வெளியாயிற்று.

காலத்தை நினைத்துப் பாருங்கள். உலக யுத்தம் தொடங்கி ஓர் ஆண்டு ஆகப் போகிறது. நாட்டை ஆளுவது வெள்ளைக்காரன். காந்தியடிகள் உயிரோடு இருக்கிறார். போராட்டமும் உயிரோடு இருக்கிறது. இரண்டு மாதம் கூட ஆகவில்லை, தனி நபர் சத்தியாக்கிரகம் தொடங்கி விட்டது. அப்படிப்பட்ட நேரத்தில், பட்டணத்தின் நடுவில், காந்தியடிகள் வெள்ளித் திரையில் நடந்தார். அவரை நேரில் பார்த்தே இராத ஜனங்கள் கொட்டகையில் உட்கார்ந்து பார்த்தார்கள்.

தமிழுக்குப் பிறகு தெலுங்கிலும் படம் வந்தது. 1942-ம் ஆண்டு "வெள்ளையனே வெளியேறு" போராட்டம். காந்தியடிகளும் மற்றத் தலைவர்களும் சிறையில் அடைக்கப்பட்டார்கள். அதன் பின் ஐந்து ஆண்டுகள் கழிந்து நாட்டுக்குச் சுதந்திரம் வந்தது. அந்த 1947-ம் ஆண்டில் இந்தி விளக்கத்துடன் படம் டில்லியில் காட்டப்பட்டது.

ஆங்கிலத்திலும் கொண்டு வர வேண்டும் என்பது செட்டியாரின் நெடுநாள் ஆசை. அதுவும் நிறைவேறியது. 1953-ம் ஆண்டு அமெரிக்காவில் ஆங்கிலப் படம் வெளிவந்தது. அதைப் பார்க்க மகாத்மா இல்லை. அவர் மறைந்து ஐந்து ஆண்டுகள் ஆகி விட்டன.

முகம் காட்டாத மனிதர்

இவ்வளவு பெரிய வேலை செய்தவர் பிறகு என்ன செய்தார்? சினிமா முதலாளி ஆனாரா? இல்லை. பத்திரிகை நடத்தினார்.

"குமரி மலர்" என்ற மாதப் பத்திரிகையை 1943-ம் ஆண்டு தொடங்கினார். நாற்பது ஆண்டுகள் அதுவே அவருடைய வாழ்க்கை. அதில் அவர் செய்த முக்கியமான வேலை எது தெரியுமா? தேடுவதுதான்! பழைய தமிழ்ப் பத்திரிகைகளில் புதைந்து கிடந்த கட்டுரைகளையும் கடிதங்களையும் தேடி எடுத்து மறுபடி அச்சிட்டார். நூறு ஆண்டுகளுக்கு முன் தமிழர்கள் எழுதிய பிரயாணக் கட்டுரைகளைத் திரட்டி, 1968-ம் ஆண்டு ஒரு பெரிய புத்தகமாகவே கொண்டு வந்தார். முன்பு பிலிம் டப்பா. இப்போது மக்கிய காகிதம்.

தாமும் பிரயாண நூல்கள் எழுதினார். "உலகம் சுற்றும் தமிழன்" என்ற அவர் நூலின் பெயரே அவருக்குப் பட்டப் பெயர் ஆகி விட்டது. சின்னச் சின்ன வாக்கியங்கள். அலங்காரம் கிடையாது. தற்பெருமை மருந்துக்கும் கிடையாது. படிக்கத் தெரிந்த எவரும் படிக்கலாம்.

ஆனால் அவர் முகத்தை வாசகர்கள் அறிய மாட்டார்கள். தம் போட்டோவை வெளியிட்டுக் கொள்வது அவருக்குப் பிடிக்காது. டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் போட்டோக் கலை படித்தவர்! இன்னொருவர் முகத்துக்காக ஒரு லட்சம் மைல் அலைந்தவர்! தம் முகத்தை மட்டும் மறைத்துக் கொண்டார். கூச்சம் என்று சிலர் நினைக்கலாம். கூச்சம் உள்ளவர் அத்தனை நாட்டில் அத்தனை கம்பெனி வாசற்படி ஏறிப் பேரம் பேச முடியுமா?

காந்திப் படம் எடுத்த கதையைக் கூட அவர் வெகு காலம் கழித்துத்தான் விரிவாக எழுதினார். அது "அண்ணல் அடிச்சுவட்டில்" என்ற பெயரில் அவர் காலத்துக்குப் பிறகு புத்தகமாயிற்று.

1983-ம் ஆண்டு செப்டம்பர் 10-ந் தேதி ஏ. கே. செட்டியார் காலமானார். அதே ஆண்டு ஏப்ரல் மாதத்தில்தான், நடிகர் பென் கிங்ஸ்லி காந்தியாக நடித்த ஆங்கிலப் படம் எட்டு ஆஸ்கார் பரிசுகளை வாங்கியது. உலகமெங்கும் அதைப் பற்றியே பேச்சு. உண்மைக் காந்தியைத் திரையில் காட்டியவரை அப்போது நினைத்தவர்கள் சிலரே.

படம் எங்கே போயிற்று?

கடைசியில் ஒரு விசித்திரம் நடந்தது. உலகமெல்லாம் தேடிச் சேர்த்த அந்தப் படமே காணாமல் போய் விட்டது!

ராக்ஸி தியேட்டரில் ஓடிய தமிழ்ப் படத்தின் பிரதி பல ஆண்டுகள் யார் கண்ணிலும் படவில்லை. செட்டியாரின் எழுத்துக்களைப் பதிப்பித்த வரலாற்று ஆசிரியர் ஆ. இரா. வேங்கடாசலபதி அதைத் தேடத் தொடங்கினார். எங்கெல்லாமோ விசாரித்தார். முடிவில் அமெரிக்காவில் ஒரு பல்கலைக் கழகத்தில் ஒரு பிரதி அகப்பட்டது.

அது 1953-ம் ஆண்டின் ஆங்கிலப் படம். சுருக்கப்பட்டது. காந்தியடிகள் அதில் நடக்கிறார், சிரிக்கிறார், கும்பிடுகிறார். பேசுவது மட்டும் குவென்டின் ரெனால்ட்ஸ் என்ற அமெரிக்கப் பத்திரிகையாளரின் குரல். தமிழ்க் குரல் அதில் இல்லை.